கை குலுக்க வைத்து அனுப்பாதீர்கள்

தங்கை மகன் ஏழாம் வகுப்பு படிக்கிறான். கும்பகோணம் பக்கம், பள்ளியின் பெயர் வேண்டாம். மூன்று மாதமாக வகுப்புப் பையன்கள் நாலு பேர் இவன் சோற்று டப்பாவில் மண்ணைப் போட்டிருக்கிறார்கள். "களிமண்ணு" என்று பட்டப்பெயர் வேறு. சைக்கிள் டயரில் நாலாவது தடவை காற்றைப் பிடுங்கிவிட்ட பிறகுதான் வீட்டில் வாயைத் திறந்தான்.

நான்தான் பள்ளிக்குப் போனேன். தலைமையாசிரியர் நல்ல மனிதர்தான். ஐந்து பேரையும் வரிசையாக நிற்க வைத்து, "நீ என்னடா பண்ணினே?" என்று முதலில் இவனைத்தான் கேட்டார். அப்புறம் அவர்களுக்கு ஆளுக்கு ரெண்டு அடி. "கை குடுங்கடா, இனிமே ஃபிரெண்ட்ஸ்." பத்து நிமிடத்தில் முடிந்தது. சாயங்காலம் அரசலாற்றங்கரை ரோட்டில் இவனும் அந்த நாலு பேரும் ஒரே நேரத்தில்தான் சைக்கிளில் திரும்ப வேண்டும். அதை யாரும் யோசிக்கவில்லை.

வரப்புத் தகராறென்றால் இரண்டு பேரையும் உட்கார வைத்துப் பேசலாம். நாலு பேர் சேர்ந்து ஒருத்தனை வதைப்பதில் என்ன சமாதானம்? அடிப்பதும் தீர்வில்லை. கல்வி உரிமைச் சட்டம் 2009இலேயே அதைத் தடை செய்துவிட்டது. வாங்கிய அடிக்கும் சேர்த்து இவனிடம்தான் வசூலிப்பார்கள். நாங்குநேரியில் 2023 ஆகஸ்டில் என்ன நடந்தது? சக மாணவர்களின் தொல்லையைப் பள்ளியில் சொன்ன பையனை வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கைக்கும் வெட்டு. அங்கே சாதி இருந்தது, இங்கே இல்லை. ஆனால் சொன்ன பையன் அதற்குப் பிறகு பத்திரமாக இருக்கிறானா என்று பார்ப்பது எங்கேயும் பள்ளியின் வேலைதானே?

தனித்தனியாக விசாரியுங்கள். நாலு பேரின் பெற்றோரையும் வரச் சொல்லுங்கள். மணி அடித்ததும் சைக்கிள் ஸ்டாண்டில் ஓர் ஆசிரியர் பத்து நிமிடம் நிற்கட்டும். அரசுப் பள்ளிகளில் பிள்ளைகள் தங்கள் குறையை எழுதிப் போட 'மாணவர் மனசு' என்று ஒரு பெட்டி இருக்கிறது, நல்ல ஏற்பாடு. அதை வாராவாரம் திறக்க வேண்டும், அவ்வளவுதான்.

வேடிக்கை பார்த்த மிச்சப் பையன்களிடமும் பேச வேண்டும். நானும் அப்படி ஒருவன்தான். திக்குவாய்ப் பையன் ஒருவன் பாடம் வாசிக்கும்போதெல்லாம் மற்றவர்களோடு சேர்ந்து சிரித்திருக்கிறேன். ஒன்பதாவதோடு நின்றுவிட்டான். போன தையில் நெல் கொள்முதல் நிலையத்தில் பார்த்தேன், மூட்டை தூக்கிக்கொண்டிருந்தான். அவன்தான் முதலில் சிரித்தான்.

"ஒரு வாரம் கழிச்சு அவனைத் தனியாக் கூப்பிட்டு விசாரிங்க சார்" என்று சொல்லிவிட்டு வந்தேன். தலையாட்டினார். பத்து நாளாகிறது, கூப்பிடவில்லை. பையன் இப்போதெல்லாம் வயல்காட்டு வழியாக ரெண்டு கிலோமீட்டர் சுற்றி வருகிறானாம்.