ஹாரி டீன் ஸ்டாண்டனைக் 'குணச்சித்திர நடிகர்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்களே

உங்கள் கட்டுரை நன்றாக இருந்தது, ஆனால் ஹாலிவுட் நடிகர் ஸ்டாண்டனைக் 'குணச்சித்திர நடிகர்', 'ஏலியன்' (1979) என்ற விண்வெளித் திகில் படத்தில் சீக்கிரமே செத்துப்போகிறவர் என்பதோடு விட்டுவிட்டது கொஞ்சம் அநியாயம். அந்தச் சாவுக்கு முன்னால் பூனையைத் தேடிப் போகிறார் பாருங்கள், மேலேயிருந்து தண்ணீர் சொட்டுகிறது, தொப்பியைக் கழற்றிவிட்டு முகத்தை நிமிர்த்திக் காட்டிக்கொண்டு சும்மா நிற்பார். நாள் முழுக்க வேலை பார்த்து அலுத்தவன் அப்படித்தான் நிற்பான்.

அமெரிக்காவின் கெண்டக்கி மாநிலத்தில் 1926இல் பிறந்தவர், இரண்டாம் உலகப்போரில் கடற்படைக் கப்பலில் சமையல்காரர், ஜப்பானின் ஒகினாவா தீவில் நடந்த சண்டையையும் பார்த்தவர். அப்புறம் வருடக்கணக்காகச் சின்னச் சின்ன வேடங்கள்தான். முழுக் கதாநாயகன் வேடம் கிடைத்தபோது வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது, இயக்குநர் விம் வெண்டர்ஸின் 'பாரிஸ், டெக்சாஸ்' (1984). படம் தொடங்கி வெகுநேரம் வாயே திறக்கமாட்டார், கடைசியில் கண்ணாடித் தடுப்புக்கு இந்தப்பக்கம், மனைவிக்கு முதுகைக் காட்டி நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு, போனில் பழைய கதையை நிதானமாகச் சொல்வார். முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது, அதனால்தான் முதுகு. நான் மூன்று முறை பார்த்துவிட்டேன், மூன்று முறையும் தொண்டை அடைத்தது.

'தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி' படத்தில் அண்ணனாகக் கடைசிச் சில நிமிடங்கள்தான் வருவார். தன்னைப் பார்க்கத் தம்பி புல்வெட்டும் வண்டியிலேயே அவ்வளவு தூரம் வந்திருக்கிறான் என்று அந்த வண்டியைப் பார்க்கிற பார்வை இருக்கிறதே, சரி, அதை எழுத எனக்கு வராது. 2017இல் 91 வயதில் போய்விட்டார், அவர் நடித்த 'லக்கி' படம் அமெரிக்கத் தியேட்டர்களுக்கு வருவதற்குச் சில நாள் முன்னால்.