உங்களுக்கு என்ன தெரியும்?

மறுபடியும் வந்துவிட்டது அந்த எக்செல் தாள். ‘உங்களுக்கு என்னென்ன தெரியும்? 1 முதல் 5 வரை மதிப்பெண் போடவும்.’ மூன்றாவது வருஷமாக இதே கூத்து. ஐஎஸ்ஓ 9001 என்ற சர்வதேசத் தர மேலாண்மை விதித்தொகுப்பின் 2015 பதிப்பில் 7.1.6 என்று ஒரு பிரிவு: நிறுவனத்துக்கு வேண்டிய அறிவு எது என்று கண்டறிந்து பேண வேண்டுமாம். நல்ல பிரிவுதான். அதற்காக, ஆடிட்டர் வருகிற வாரத்தில் மட்டுமா ஞானோதயம் வரும்?

திருநெல்வேலி ஜங்ஷனில் பஸ் பிடித்து எங்கள் ஆலைக்கு வரும் மெஷின் அண்ணாச்சி, ஸ்க்ரூ டிரைவரின் நுனியை மோட்டாரில் ஊன்றி, பிடியைக் காதில் வைப்பார். எந்த பேரிங் போகப்போகிறது என்று சொல்லிவிடுவார். அவர் கட்டத்தில் என்ன இருக்கிறது? ‘பராமரிப்பு: 3’. எனக்கு 4! ஒரு நட்டுகூடக் கழற்றத் தெரியாத எனக்கு! இரண்டு நாள் பயிற்சிக்குப் போய் டீயும் சான்றிதழும் வாங்கி வந்தேன் அல்லவா, அதற்கு.

அண்ணாச்சிக்கு அடுத்த மாதம் ஓய்வு. தாளை நீட்டினால் உற்றுப் பார்க்கிறார். “இதுல எந்தக் கட்டத்துலடே மோட்டாரு சத்தத்த எழுத?”

பச்சை, மஞ்சள், சிவப்பு என்று வண்ணமடித்த ‘அறிவு வரைபடம்’ மட்டும் சுவரில் ஜம்மென்று தொங்குகிறது. அதன் பின்னால் ஒரு பல்லி குடியிருக்கிறது. அதற்கு எத்தனை மதிப்பெண்?