சுவருக்கு ஞாபகம் கிடையாது, பாதரசத்துக்கு இருந்தது

ஒலியிலும் அதிர்விலும் தகவலைச் சேமிக்கும் கருவி ஒன்று வந்தால் எப்படி இருக்கும் என்று யாராவது அடிக்கடி எழுதிவிடுகிறார்கள். பெரும்பாலும் கதை ஒன்றுதான். பழைய மண்டபத்தில் பேசியதெல்லாம் கல்லுக்குள் அதிர்வாக உறைந்து கிடக்கிறது, சரியான கருவி மட்டும் கிடைத்தால் ராஜராஜன் குரலையே கேட்டுவிடலாம், இத்யாதி. கற்பனை செய்யட்டும், எனக்கு ஒரு சண்டையும் இல்லை. ஆனால் ஒலியால் ஞாபகம் வைத்துக்கொள்ளும் கருவி நிஜமாகவே இருந்தது, ஆரம்பகாலக் கம்ப்யூட்டர்கள் சிலவற்றுக்கு அதுதான் மெமரி, அதைப் பற்றி ஒருத்தரும் வாய் திறப்பதில்லை என்பதுதான் என் கடுப்பு.

அந்தக் கல் கதையை நம்புகிறவர்களை முட்டாள் என்றும் சொல்ல மாட்டேன். கம்ப்யூட்டருக்கே முன்னோடி என்று சொல்லப்படும் சார்லஸ் பாபேஜே 1837-ல் காற்று ஒரு மாபெரும் நூலகம், மனிதர்கள் பேசியதெல்லாம் அதில் அழியாமல் இருக்கிறது என்கிற மாதிரி எழுதியிருக்கிறார். 1969-ல் அமெரிக்காவில் ஒருவர், பானையின் மேல் ஊசியை ஓட்டினால் அதை வனைந்த சக்கரத்தின் இரைச்சல் கேட்கிறது என்று மின்பொறியாளர்களின் ஆய்விதழுக்கே கடிதம் போட்டார். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ஒலி என்பது ஓடுகிற சமாசாரம். சுவரில் மோதி, சிதறி, கடைசியில் துளியூண்டு வெப்பமாகிக் கரைந்துவிடும். யாராவது அதை மறுபடி எழுப்பிக்கொண்டே இருந்தால்தான் உண்டு.

அந்த வேலையைத்தான் பாதரசக் குழாய் செய்தது. 1949 மே 6 அன்று கேம்பிரிட்ஜில் மாரிஸ் வில்க்ஸ் குழுவின் எட்சாக் கம்ப்யூட்டர் முதல் முறையாக ஓடி, எண்களின் வர்க்க அட்டவணை ஒன்றைப் போட்டுக் காட்டியது. அதன் மெமரி, சுமார் ஐந்தடி நீளமுள்ள இரும்புக் குழாய்கள், உள்ளே முழுக்கப் பாதரசம், இரண்டு முனையிலும் குவார்ட்ஸ் படிகம். ஒரு முனைப் படிகத்துக்கு மின்துடிப்பு கொடுத்தால் அது அதிரும், அந்த அதிர்வு பாதரசத்துக்குள் நொடிக்குச் சுமார் 1450 மீட்டர் வேகத்தில் போய் அடுத்த முனைப் படிகத்தை ஆட்டும், அங்கே மறுபடி மின்சாரமாகும். போய்ச்சேர ஏறக்குறைய ஒரு மில்லிசெகண்ட். துடிப்பு இருந்தால் 1, இல்லாவிட்டால் 0. இப்படி ஒரே குழாய்க்குள் 576 பிட் வரிசையாகப் பயணம் செய்துகொண்டிருக்கும். வந்துசேர்ந்த துடிப்பு பலவீனமாக இருக்கும் இல்லையா, அதைப் பெருக்கி, சுத்தமாக்கி, திரும்ப முதல் முனையிலேயே விடுவார்கள். மளிகைக்கடைக்குப் போகும் பையன் மறக்காமல் இருக்க லிஸ்டை வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டு நடப்பானே, அதேதான். கரண்ட் போனால் அத்தனையும் போச்சு.

இது கம்ப்யூட்டருக்காகப் பிறந்த யோசனையும் இல்லை. இரண்டாம் உலகப் போரில் ரேடார்காரர்களுக்கு ஒரு தொல்லை: மலை, கட்டடம் எல்லாம் திரையில் வந்து விமானத்தை மறைத்தன. முந்தைய எதிரொலியைப் பாதரசத்தில் கொஞ்சம் தாமதப்படுத்திப் புதியதிலிருந்து கழித்தால், அசையாதது எல்லாம் மறைந்து அசைவது மட்டும் மிஞ்சும். ரேடாருக்காக இந்தக் குழாயோடு மாரடித்த அமெரிக்கப் பொறியாளர் பிரெஸ்பர் எக்கர்ட்தான் இதையே சுற்றிச் சுற்றி ஓடவிட்டால் மெமரியாகுமே என்று பிடித்தார். பிற்பாடு யூனிவாக் கம்ப்யூட்டரிலும் அவர் பாதரசத்தைத்தான் வைத்தார்.

தொல்லைகளும் உண்டு. சூடு மாறினால் ஒலியின் வேகம் மாறும், கணக்கு குழம்பும். பாதரசமோ விலை அதிகம், கனம், விஷம். கணினி மேதை ஆலன் டூரிங் பாதரசத்துக்குப் பதில் ஜின் (தண்ணீரும் ஆல்கஹாலும் கலந்த மதுதான்) ஊற்றலாம் என்று சொன்னதாக வில்க்ஸ் பின்னாளில் நினைவுகூர்ந்தார். ஜோக் மாதிரி இருந்தாலும் காரணம் உண்டு: சூடு ஏறினால் தண்ணீரில் ஒலி வேகமெடுக்கும், ஆல்கஹாலில் குறையும், சரியான கலவையில் இரண்டும் ஈடுகட்டிக்கொள்ளும். (யாரும் ஊற்றிப் பார்க்கவில்லை போல, அந்த ஆய்வகத்தில் சேர நான் ரெடி.)

இதெல்லாம் மியூசியம் சமாசாரம் என்று நினைத்தால், அப்புறம் நம் வீட்டுக்கே வருவோம். 1982-ல் இந்தியாவுக்குக் கலர் டிவி வந்தபோது எடுத்துக்கொண்டது பால் (PAL) என்கிற ஒளிபரப்பு முறை. டிவிப் படம் என்பது மேலிருந்து கீழாக வரிவரியாக வரைவது. வழியில் நிறம் பிசகாமல் இருக்க, ஒரு வரியின் நிறத்தை முந்தைய வரியின் நிறத்தோடு சேர்த்துச் சராசரி பார்க்க வேண்டும், அதற்கு முந்தைய வரியை 64 மைக்ரோசெகண்ட் எங்காவது பிடித்து வைக்க வேண்டும். எங்கே? ஒரு சின்னக் கண்ணாடித் துண்டுக்குள், நம் காதுக்கு எட்டாத ஒலியாக. அது உள்ளே பலமுறை மோதித் திரும்பி வெளியே வரும்போது அடுத்த வரி வந்திருக்கும். பழைய டிவி மெக்கானிக்குகளிடம் டிலே லைன் என்று சொல்லிப் பாருங்கள், உடனே தெரியும். ஒளியும் ஒலியும் பார்த்த வீடுகளில் எத்தனை பெட்டிக்குள் இந்த ஒலி மெமரி உட்கார்ந்திருந்ததோ!

2017-ல் சிட்னி பல்கலைக்கழகத்தில் ஒளியில் வந்த தகவலை ஒரு சில்லுக்குள் ஒலியலையாக்கிக் கொஞ்ச நேரம் நிறுத்தி, மறுபடி ஒளியாகவே எடுத்தார்கள். கொஞ்ச நேரம் என்றால் நானோசெகண்ட் கணக்கு. ஒளியைவிட ஒலி பல மடங்கு மெதுவு என்பதுதான் அங்கேயும் மூலதனம், 1949-ல் இருந்த அதே தந்திரம்.

அதனால் கற்பனைக் கருவி எழுதுகிறவர்களே, தாராளமாக எழுதுங்கள், ஆனால் ஒலியை யார் திரும்பத் திரும்ப எழுப்புகிறார்கள், அதற்குக் கரண்ட் எங்கிருந்து வருகிறது என்பதையும் சேர்த்து எழுதுங்கள், கதை இன்னும் நன்றாக வரும். பரணில் பழைய கலர் டிவி கிடந்தால் அந்த டிலே லைனைத் தேடிப் பார்க்கலாம், தட்டையான சின்ன டப்பா மாதிரி இருக்கும். விவரம் தெரிந்த மெக்கானிக்கை விட்டே திறக்கச் சொல்லுங்கள், பிக்சர் டியூப் பக்கம் கை வைத்தால் ஷாக் அடிக்கும்.