பைல் இங்க இல்லையாம், புதுசா எழுதித் தரட்டாம்

பல்கலைக்கழகத்தில் விடைத்தாளைத் திரும்பப் பார்க்கச் சொல்லி மீள்திருத்தத்துக்குக் காசு கட்டிவிட்டு, ‘அடுத்த கிழமை வாங்கோ’ என்பதைக் கேட்டுக் கேட்டு அலைந்தவர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. இன்று தங்கச்சியின் மீள்திருத்த பைலைத் தேடி, அவளோடு ஒட்டுசுட்டானிலிருந்து விடியவே பஸ் பிடித்துப் பல்கலைக்கழகப் பரீட்சைக் கிளைக்குப் போனேன். கண்ணாடிக்குப் பின்னால் இருந்தவர் பற்றுச்சீட்டை வாங்கினார், திருப்பினார், வெறும் பின்பக்கத்தையும் வாசித்தார்.

“இது எங்கட றிசீற்தான்.”
“ஓம் சேர்.”
“சீலும் எங்கடதான்.”
“ஓம் சேர்.”
“ஆனா பைல் இங்க இல்ல.”

பீடத்தில் இருக்குமாம். பீடத்துக்குப் போனால் பரீட்சைக் கிளையில் இருக்குமாம். திரும்பவும் அதே கண்ணாடி, அதே மனிதர், அதே பற்றுச்சீட்டை முதல் தடவை பார்ப்பதுபோல் திருப்புகிறார். கடைசியில் சொன்னார்: “பிள்ளை, புதுசா ஒரு விண்ணப்பம் எழுதித் தாங்கோ. காசும் கட்ட வேணும்.”

திரும்பவும் காசா? அம்மா நெல் விற்றுக் கொடுத்த காசு அது! இந்த ஒரு பாடத்தால்தான் தங்கச்சியின் பட்டம் நிற்கிறது. கூடப் படித்தவர்கள் வேலைக்கு விண்ணப்பிக்கிறார்கள்.

கோர்ட்டுக்குப் போகச் சொல்கிறார்கள். சரி, போவோம். அரசியலமைப்பின் 126ஆவது உறுப்புரைப்படி அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள் உச்ச நீதிமன்றத்தில் போட வேண்டும். அந்த மாதத்தை எந்த நாளிலிருந்து எண்ணுவது? முடியாது என்று ஒருவரும் எழுதித் தருவதில்லையே, வாயால் ‘அடுத்த கிழமை’ மட்டும்தானே. பிள்ளைக்கு ஒரு மாதக் கெடு, விடைத்தாளைப் பூட்டி வைத்திருப்பவருக்குக் கெடுவே இல்லை. இது என்ன நியாயம்?

கடமையைச் செய்யச் சொல்லி எழுத்தாணை கேட்கலாம். அதற்கும் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம். வவுனியாவில் மேல் நீதிமன்றம் இருக்கிறது, ஆனால் பல்கலைக்கழகம் மாகாண விடயம் இல்லை, அதனால் அங்கே இந்த எழுத்தாணையைக் கேட்க முடியாது. வன்னிப் பிள்ளை கொழும்பில் நீதிமன்றங்கள் இருக்கிற புதுக்கடையில் சட்டத்தரணி பிடிக்க எந்தக் காணியை விற்பது?

மனித உரிமைகள் ஆணைக்குழுவில் ஒரு மாதத்துக்குள் முறைப்பாடு கொடுத்தால், அங்கே விசாரணை நடக்கும் காலம் உச்ச நீதிமன்றத்துக்கான அந்த ஒரு மாதக் கெடுவில் சேராது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம், 13ஆம் பிரிவு. இதைக் கம்பஸில் ஒருவராவது இந்தப் பிள்ளைகளுக்குச் சொன்னார்களா?

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழும் கேட்கப் போகிறோம். 14 வேலை நாட்களுக்குள் தகவல் அதிகாரி முடிவு சொல்ல வேண்டும். பரீட்சை இரகசியம் என்று தட்டிக்கழிக்கப் பார்ப்பார்கள், அப்படி மறுக்க அந்தச் சட்டத்தில் ஒரு விலக்கும் இருக்கிறது. ஆனால் நாங்கள் கேட்பது வினாத்தாளும் இல்லை, புள்ளியும் இல்லை. விடைத்தாள் எந்தத் தேதியில் யாருடைய மேசைக்குப் போனது? அதை எழுத்தில் தாருங்கள்.