குணா குகைக்குள் எடுத்த படமா அது?

குகைக் குழிக்குள் விழுந்த நண்பரை மீட்கும் கதையான ‘மஞ்சும்மல் பாய்ஸ்’ என்ற மலையாளப் படத்தின் குகைக் காட்சிகள் முழுக்க கொடைக்கானல் குணா குகைக்குள்ளேயே எடுக்கப்பட்டவை என்று ஒரு வாட்ஸ்அப் தகவல் சுற்றுகிறது. இது தவறு.

கொடைக்கானலில் வெளிப்புறக் காட்சிகள் எடுத்தது உண்மைதான். ஆனால் குகையின் உட்புறம் கேரளத்தின் பெரும்பாவூரில், ஒரு கிடங்குக்குள் போட்ட செட். கலை இயக்குநர் அஜயன் சாலிசேரியின் கைவண்ணம். அந்த ஈரப் பாறையைப் பார்த்து எங்கள் ஊர்க்காரர்களே ஏமாந்தார்கள் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்!

செட் எதற்கு? நிஜக் குழியில் கேமராவை நகர்த்தவே இடமிருக்காது. செட்டில் வேண்டிய பக்கச் சுவரைக் கழற்றி வைத்துப் படமெடுக்கலாம்; விளக்கு, மழை எல்லாம் கைக்குள் இருக்கும். கயிற்றில் தொங்கும் நடிகருக்கும் ஆபத்து குறைவு.

‘டெவில்ஸ் கிச்சன்’ என்றிருந்த இடத்துக்கு இன்றைய பெயர் வந்தது 1991இல் வெளியான ‘குணா’வால். அந்தப் படத்துக்காக நிஜக் குகையில் எடுத்தார்கள். இரண்டையும் குழப்பிக்கொண்டதுதான் வதந்திக்கு வேர் என்று நினைக்கிறேன்.

‘மஞ்சும்மல் பாய்ஸ்’ படத்தில் பார்த்த குழியைத் தேடி வேலி தாண்டாதீர்கள். அந்தக் கதைக்கு அடிப்படையாக, 2006இல் ஒரு இளைஞர் உள்ளே விழுந்தது மட்டும் செட் இல்லை.