பீர் பில்லிங் போய்ப் பறக்காமல் வந்தவன்

பீர் பில்லிங் போயிருந்தேன். இமாச்சலத்தில் பாராகிளைடிங்குக்கு, அதாவது பெரிய துணிச் சிறகில் தொங்கிக்கொண்டு பறப்பதற்குப் பேர்போன இடம், 2015-இல் உலகக் கோப்பைப் போட்டியே அங்கே நடந்தது. கீழே இருக்கும் ஊர் பீர். மேலே சுமார் 2,400 மீட்டர் உயரத்தில் பில்லிங். ஜீப்பில் 14 கிலோமீட்டர் ஏறிப்போய், புல்சரிவில் ஓடிக் கிளம்பினால் மறுபடி பீரில் வந்து இறங்கலாம். கிளம்பும் முன் ஒரு படிவத்தில் கையெழுத்து வாங்கினார்கள். அதில் என்ன எழுதியிருந்தது என்று கேட்காதீர்கள். இந்த ஜென்மத்தில் எந்தப் படிவத்தைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன்!

மேலே போனதும் தொடை, இடுப்பு, நெஞ்சு என்று எல்லா பெல்ட்டும் மாட்டி, ஹெல்மெட் போட்டு, செல்ஃபி ஸ்டிக்கையும் கையில் கொடுத்தாயிற்று. சரிவின் ஓரத்தில் ஒரு குச்சி, அதில் வெளுத்துப்போன சிவப்பு நாடா. என்னைத் தன்னோடு சேர்த்து மாட்டிக்கொண்டு பறக்க வேண்டிய பைலட் என்னைப் பார்க்கவே இல்லை, அதையேதான் பார்த்துக்கொண்டிருந்தார். காற்று முகத்தில் அடித்தால்தான் மேலே இருக்கும் துணி விரிந்து தூக்கும். நாடாவோ எங்கள் முதுகுப் பக்கமிருந்து பள்ளத்தாக்கை நோக்கிப் படபடத்தது. இருபது நிமிஷம் இருக்கும். "ஆஜ் நஹி ஹோகா", இன்றைக்கு ஆகாது, என்று கொக்கிகளைக் கழற்ற ஆரம்பித்துவிட்டார்.

எனக்கு வந்ததே கோபம்! ராத்திரி டெல்லிக்கு பஸ். ஆபீஸ் வாட்ஸப் குரூப்பில் "பறக்கப் போறேன்" என்று வேறு போட்டாயிற்று. "பையா, ஐந்நூறு கூடத் தர்றேன்" என்று கெஞ்சிப் பார்த்தேன். இப்போது நினைத்தால் கூசுகிறது. பஸ் ஸ்டாண்ட் ஆட்டோக்காரரிடம் பேசுவது மாதிரி காற்றிடம் பேரம் பேசியிருக்கிறேன்.

சாகச விளையாட்டு என்றால் நம் போனுக்கு வந்து சேருவது குதிக்கிற அந்த ஒரு நிமிஷம்தான். குதிக்காமல் திரும்பிய நாளை யார் ரீல்ஸ் போடுகிறார்கள்? ஃபெலிக்ஸ் பாம்கார்ட்னர் 2012 அக்டோபர் 14-ஆம் தேதி பலூனில் தொங்கும் கூண்டில் ஏறிப்போய், சுமார் 39 கிலோமீட்டர் உயரத்திலிருந்து குதித்து, ஒலியை விட வேகமாக விழுந்ததை உலகமே நேரலையில் பார்த்தது. அதற்கு ஐந்து நாள் முன்பு, கூண்டுக்குள் அவர் உட்கார்ந்த பிறகு, பலூன் நிரம்பிக்கொண்டிருக்கும்போது, காற்று சரியில்லை என்று எல்லாவற்றையும் நிறுத்தினார்கள். அது எத்தனை பேருக்கு ஞாபகம் இருக்கும்? பாறை ஏறும் அலெக்ஸ் ஹானல்டும் அப்படித்தான். 2017 ஜூனில் கயிறே இல்லாமல் அமெரிக்காவின் எல் கேப்பிட்டன் பாறையில் ஏறினார், 900 மீட்டர் செங்குத்துப் பாறை, நான்கு மணி நேரத்துக்குள். ஆனால் 2016 நவம்பரில் அதே பாறையில் கொஞ்ச தூரம் ஏறிவிட்டு, மனசு ஒப்பவில்லை என்று விட்டுவிட்டார், படமெடுக்க ஆட்கள் காத்திருக்கும்போதே. எனக்கு அவர் ஏறியதைவிட இதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது.

பழகிவிட்டால் ஆபத்து குறைந்துவிடும் என்றும் இல்லை. 39 கிலோமீட்டரிலிருந்து முழுசாக வந்து சேர்ந்த பாம்கார்ட்னர், 2025 ஜூலையில் இத்தாலியில் பாராகிளைடிங் விபத்தில் இறந்தார். வயது 56.

கொடைக்கானல் டால்பின் நோஸ் பாறை நுனியில் ஒற்றைக் காலில் நிற்கும் தம்பிகளையும், ஈசிஆரில் வீலிங் அடிப்பவர்களையும் இந்த வரிசையில் சேர்க்க மாட்டேன். அங்கே "இன்னைக்கு வேணாம்டா" என்று சொல்லத் தெரிந்தவர் யாரும் கிடையாது. கேமரா பிடிக்க மட்டும் ஒரு நண்பன் இருப்பான்.

எல்லாவற்றையும் தடை செய் என்பவர்களோடும் எனக்கு ஒத்துவராது. என் கவலை கூலி பற்றியது. ஜீப்பில் இறங்கும்போது பைலட் சொன்னார், பறந்தால்தான் அவருக்குக் காசாம். அப்படியென்றால் ஒவ்வொரு தடவை "முடியாது" என்னும்போதும் அவர் தன் வீட்டுச் செலவில் கைவைக்கிறார். எதிரே என்னை மாதிரி ஒருத்தன் ஐந்நூறை நீட்டிக்கொண்டு நிற்கிறான். பறக்காத நாளுக்கும் அவருக்குப் பாதிக் கூலியாவது கிடைக்க வேண்டும். அதற்காக டிக்கெட்டில் முந்நூறு ரூபாய் ஏற்றினாலும் கொடுக்கலாம். ஹெல்மெட்டுக்கு ஐஎஸ்ஐ முத்திரை பார்க்கிற நாம் இதைக் கேட்பதே இல்லை.

எங்களோடு ஜீப்பில் ஏறிய புனே பையன் ஒருவன் கீழே வரவில்லை. அங்கேயே நின்று வேறு பைலட்டைப் பிடித்து, முக்கால் மணி நேரத்தில் பறந்தே விட்டான். பத்திரமாக இறங்கினான். ராத்திரி பஸ்ஸில் வரும்போது அவன் வீடியோ வந்தது. பொறாமையோடு ஒரு ஹார்ட் போட்டேன்.