வாய்க்காலில் நீந்துவதெல்லாம் தண்ணிப்பாம்பு இல்லைங்க
பாம்புகளைப் பற்றிய உங்கள் கட்டுரையில் 'தண்ணீரில் நீந்தினால் அது விஷமில்லாத தண்ணிப்பாம்பு' என்று போட்டிருக்கிறீர்களே, அந்த வரியை முதலில் எடுத்துவிடுங்க. நல்ல பாம்பும் நீந்தும், கண்ணாடி விரியனும் நீந்தும். கீழ்பவானி வாய்க்காலில் தண்ணீர் விட்டால் கரையில் உள்ள வளைக்குள் நீர் ஏறி எது வேண்டுமானாலும் வெளியே வரும்.

தண்ணிப்பாம்புக்கு முகத்தைப் பார்க்கணும். கண்ணுக்கு நேர் கீழே ஒன்று, கண்ணுக்குப் பின்னாலிருந்து வாயோரம் வரை ஒன்று என்று சாய்வாக இரண்டு கருங்கோடு இருக்கும், உடம்பில் கட்டம் கட்டமாகக் கருப்பு. சீண்டினால் கழுத்தைத் தட்டையாக்கும், அதைப் பார்த்து நாகம் படமெடுக்கிறது என்று நினைத்துத்தான் எங்க கோபிசெட்டிபாளையம் பக்கம் நெல் வயலில் பாவம் நிறைய அடிபட்டுச் சாகிறது. கடிக்கும், நன்றாகவே கடிக்கும், ரத்தமும் வரும், ஆனால் விஷம் கிடையாது.

கண்ணாடி விரியனைத் தண்ணிப்பாம்போடு குழப்பிக்கொள்ள வேண்டியதே இல்லை: தடித்த உடம்பு, முதுகில் சங்கிலி மாதிரி வட்டங்கள், கிட்டே போனால் பெரிய சீறல்.

அப்புறம், கட்டுவிரியன் என்று போட்டிருக்கும் படம் விஷமில்லாத வெள்ளிக்கோல் வரையன் பாம்பு மாதிரித் தெரிகிறது. வெள்ளிக்கோல் வரையனுக்குப் பட்டை கழுத்துப் பக்கம் பளிச்சென்று இருந்து வால் பக்கம் மங்கும். கட்டுவிரியனுக்குப் பெரும்பாலும் நேர் எதிர். ராத்திரியில் டார்ச் வெளிச்சத்தில் இதை வைத்து முடிவு பண்ணாதீங்க, தள்ளி நில்லுங்க. படத்தை மாற்றிவிட்டால் நல்லது.